நிலையத்தின் கீழே ஓடும் கோச்சி

நூற்றாண்டு மலருக்கு ஒரு வரலாற்றுக் கட்டுரை வேண்டும் என்று மலர்க் குழுவினர் கேட்டபோது சிறிது தயங்கினேன். பாடசாலையின் வரலாற்றை எழுத என்னிலும் தகுதியுள்ள மூத்த சகோதரிகள் பலர் இருக்கிறார்கள். அவர்கள் எழுதட்டும். பாடசாலைக்கு நம்மில் பலரைக் கொண்டுவந்து சேர்த்த இருப்புப் பாதையைப் பற்றி, அதிலும் ஒரே ஒரு நிலையத்தைப் பற்றி, நான் எழுதுகிறேன்.

இலண்டனில் வாழும் சகோதரிகள் நாள்தோறும் நிலத்துக்கு அடியில் இறங்கி வேலைக்குப் போகிறார்கள். உலகின் முதல் நிலத்தடிப் புகையிரதம் அங்கேதான் 1863 ஜனவரியில் ஓடத் தொடங்கியது. சென்னையில் இருப்பவர்களுக்கு 2017 மே மாதத்தில் அந்த வசதி கிடைத்தது. நிலத்தின் மேல் இடமில்லாத பெருநகரங்கள் நிலையத்தைப் பூமிக்குள் இறக்கின. நமது ஊவாவில் நிலத்தடி நிலையம் எதுவும் இல்லை. ஆனால் நிலையத்துக்கு அடியிலே மலையைக் குடைந்து, அந்த நிலையத்தில் நின்று புறப்பட்ட அதே புகையிரதம் சற்று நேரத்தில் அதன் கீழாகவே ஓடும் ஓரிடம் நம்மிடம் உண்டு. அதுதான் தெமோதரை.

பதுளைப் பக்கத்தில் படித்தவர்களுக்கு இது புதினமல்ல. விடுமுறை முடிந்து பெட்டியும் பாயுமாக விடுதிக்குத் திரும்பும்போது தெமோதரையில் கோச்சி நிற்கும். முதன்முறை என்னை விடுதியில் சேர்க்க வந்த அம்மாயி, "இந்தா, இப்ப நிக்கிற எடத்துக்குக் கீழதான் இன்னும் கொஞ்ச நேரத்துல போகப் போறோம், பாத்துக்க" என்றார். நான் நம்பவில்லை. கோச்சி புறப்பட்டுக் குன்றைச் சுற்றி வளைந்து, ஒரு சுரங்கத்துக்குள் நுழைந்து வெளியே வந்தது. அண்ணாந்து பார்த்தால் சற்று முன்பு நாங்கள் நின்ற நிலையம் தலைக்கு மேலே இருந்தது. வீட்டை நினைத்து அழுதுகொண்டிருந்த நான் அழுகையை நிறுத்தியது அப்போதுதான்.

பாதை மலையேறிய கதை

இலங்கையில் இருப்புப் பாதை போடப்பட்டதற்கு முதற்காரணம் கோப்பி. கண்டிச் சீமையின் கோப்பியை மாட்டு வண்டியில் கொழும்புத் துறைமுகத்துக்குக் கொண்டுபோக வாரக் கணக்கில் ஆயிற்று. 1867இல் பாதை கண்டியை எட்டியது. அதற்கு இரண்டு ஆண்டுகளுக்குப் பின், 1869இல், கோப்பி இலையில் துரு நோய் கண்டது. அடுத்த இருபது ஆண்டுகளுக்குள் கோப்பித் தோட்டங்கள் அழிந்து தேயிலைத் தோட்டங்களாயின. பயிர் மாறியதே தவிரப் பாதையின் தேவை குறையவில்லை. தேயிலை மேலே மேலே ஏற, பாதையும் பின்னால் ஏறியது. 1874இல் நாவலப்பிட்டி, 1885இல் நானுஓயா, 1893இல் அப்புத்தளை, 1894இல் பண்டாரவளை.

அப்புத்தளை மலையுச்சிக்குப் பாதை வருவதற்கு மூன்று ஆண்டுகள் முன்னதாக, 1890இல், தோமஸ் லிப்டன் தம்பேதன்னையில் தோட்டம் வாங்கியிருந்தார். ஊவாத் தேயிலைக்கு உலகச் சந்தையில் இருந்த மதிப்பையும் பாதை வந்த திசையையும் சேர்த்துப் பார்த்தால், ஒவ்வொரு நிலையமும் ஏன் அந்தந்த இடத்தில் இருக்கிறது என்பது விளங்கும். சனத்தொகை எங்கே கூடுதல் என்று பார்த்து நிலையங்கள் வைக்கப்படவில்லை. தேயிலைப் பெட்டிகள் எங்கே வந்து சேர வசதியோ அங்கே வைக்கப்பட்டன.

பண்டாரவளைக்கு வந்த பாதை பதுளையை அடைய மேலும் முப்பது ஆண்டுகள் பிடித்தன. இடையில் முதலாம் உலகப் போர் வந்தது. பணமும் இரும்பும் போருக்குப் போயின. அவற்றோடு மலையின் அமைப்பும் தடையாக இருந்தது. பட்டிப்பொலைக்கு அப்பால் 6,200 அடிக்கு மேல் ஏறிவிட்ட பாதை அங்கிருந்து இறங்கியாக வேண்டும். பண்டாரவளை ஏறத்தாழ 1,200 மீற்றர் உயரத்தில் இருக்கிறது. பதுளை நகரம் 700 மீற்றருக்கும் கீழே. இடையில் உள்ள மலைகளில் ஐந்நூறு மீற்றருக்கு மேற்பட்ட இறக்கத்தை அகலப் பாதையில், அதாவது ஐந்தரை அடி இடைவெளியுள்ள தண்டவாளத்தில், இறங்க வேண்டும்.

நாற்பத்து நான்குக்கு ஒன்று

மலைநாட்டுப் பாதையின் சாய்வுக்கு ஓர் எல்லை விதிக்கப்பட்டிருந்தது. 44 அடி முன்னே சென்றால் 1 அடிதான் ஏறலாம் அல்லது இறங்கலாம். அதைவிடச் செங்குத்தானால் வழுவழுப்பான இருப்புச் சக்கரம் வழுவழுப்பான தண்டவாளத்தில் பிடிப்பை இழக்கும். ஏறும்போது சக்கரம் வெறுமனே சுழலும். இறங்கும்போது தடை போட்டாலும் வழுக்கும்.

வேறு மலைகளில் வேறு வழி கண்டார்கள். நீலகிரியில் தண்டவாளங்களுக்கு நடுவே பற்சட்டம் பதித்து, இயந்திரத்தின் பற்சக்கரம் அதைக் கவ்வி ஏறும்படி செய்தார்கள். அங்கே 12 அடிக்கு 1 அடி ஏற முடிகிறது. தார்ஜிலிங்கில் இரண்டடிப் பாதை. அதில் ஓடுவது சிறிய வண்டி என்பதால் நினைத்த இடத்தில் வளைத்துவிடலாம். நமது பாதையில் கொழும்பிலிருந்து வரும் பெரிய வண்டியே பதுளை வரை வர வேண்டும். பற்சட்டமும் இல்லை. எனவே நீளத்தைக் கூட்டித்தான் இறக்கத்தைக் குறைக்க முடியும். மருத்துவமனைகளில் நோயாளரின் சக்கர நாற்காலிக்காகச் சாய்தளம் கட்டுவதும் இதே கணக்கில்தான். படிக்கட்டு எட்டடியில் ஏறும் உயரத்தைச் சாய்தளம் பல மடங்கு நீண்டு ஏறும்.

எல்லவைக் கடந்து, இன்று உலகமெங்கும் படமாகப் போகும் ஒன்பது வளைவுப் பாலத்தையும் கடந்து வரும் பாதைக்கு முன்னால் பள்ளத்தாக்கு திடீரென்று ஆழமாகிறது. கீழே உடுவரைப் பக்கம் போக வேண்டும். நேரே போட்டால் சாய்வு எல்லை மீறும். ஆகவே பொறியியலாளர்கள் ஒரு குன்றைத் தேர்ந்தார்கள். குன்றின் மேல் சமதளத்தில் நிலையம். நிலையத்தை விட்டுப் புறப்படும் பாதை குன்றைச் சுற்றி வளைந்து இறங்குகிறது. சுற்று முடியும் இடத்தில், நிலையத்துக்கு நேர் கீழே குடையப்பட்ட சுரங்கத்தின் வழியாகத் தன்னைத்தானே கடந்து வெளியேறுகிறது. சுற்றின் நீளம் சுமார் 900 மீற்றர். 44இல் ஒரு பங்கு என்று கணக்குப் பார்த்தால் அந்த ஒரு சுற்றில் இருபது மீற்றர் அளவுக்கு இறங்கிவிடுகிறது. ஆறேழு மாடிக் கட்டடத்தின் உயரம்.

1921இல் பாதை தெமோதரை வரை திறக்கப்பட்டது. 1924 ஏப்ரல் 5ஆம் திகதி பதுளை நிலையம் திறக்கப்பட்டது. நூறு ஆண்டுகள் கழிந்தும் பாதை பதுளைக்கு அப்பால் ஓர் அடி நகரவில்லை. நமது சங்கமும் அந்தப் பாதையும் ஏறத்தாழ ஒரே வயதினர்.

தலைப்பாகையின் கதை

தெமோதரைச் சுற்று எப்படித் தோன்றியது என்பதற்கு ஒரு கதை சொல்வார்கள். இலங்கையின் நீர்மின்சாரத் தந்தை எனப் போற்றப்படும் பொறியியலாளர் டி. ஜே. விமலசுரேந்திரவே இதை வடிவமைத்தவர் என்பது கதை. பாதையை எப்படி இறக்குவது என்று வழி தெரியாமல் நின்ற அவர், தோட்டத்தில் ஒரு கங்காணி தம் தலைப்பாகையை அவிழ்த்து மீண்டும் தலையைச் சுற்றிக் கட்டுவதைக் கண்டாராம். துணி தலையைச் சுற்றித் தன் மேலேயே ஏறி வருவதைப் பார்த்ததும் அவருக்கு விடை கிடைத்ததாம்.

இது மக்கள் வாய்வழி வந்த கதை. வரலாற்றுச் சான்றாக இதை நான் முன்வைக்கவில்லை. ஆனால் இந்தக் கதையில் நம்மைச் சேர்ந்த ஒருவர் நிற்கிறார் என்பதைக் கவனியுங்கள். பொறியியலாளரின் பெயர் நினைவில் இருக்கிறது. கங்காணியின் தலைப்பாகையும் நினைவில் இருக்கிறது. கங்காணியின் பெயர் இல்லை. மலையக வரலாற்றைத் தேடிப் போகும் எவருக்கும் அடிக்கடி ஏற்படும் அனுபவம் இது. பெட்டிகளின் எண்ணிக்கை, இறாத்தல் கணக்கு, ஏக்கர் கணக்கு எல்லாம் ஏட்டில் கிடைக்கும். பெட்டியைத் தலையில் சுமந்து நிலையத்துக்குக் கொண்டுவந்தவரின் பெயரைத் தேடினால் கிடைக்காது.

வந்தவர்களும் போனவர்களும்

நமது முன்னோரில் முதலில் வந்தவர்கள் கோச்சியில் வரவில்லை. மன்னாரில் இறங்கி, காட்டு வழியாக மாத்தளை வரை நடந்து, அங்கிருந்து மலையேறினார்கள். வழியில் காய்ச்சலுக்கும் வாந்திபேதிக்கும் பலியானவர்கள் ஏராளம். 1914இல் பாம்பன் பாலம் திறக்கப்பட்டு, தனுஷ்கோடிக்கும் தலைமன்னாருக்கும் இடையே கப்பல் ஓடத் தொடங்கிய பின் பயணம் மாறியது. மண்டபம் முகாமில் மருத்துவச் சோதனை, தடுத்துவைப்பு, பிறகு கப்பல், பிறகு புகையிரதம். ஊவாவுக்கு வந்தவர்கள் அப்புத்தளை, பண்டாரவளை, 1921க்குப் பின் தெமோதரை, 1924க்குப் பின் பதுளை என்று இறங்கித் தோட்டங்களுக்கு நடந்தார்கள்.

அதே நிலையங்களிலிருந்து பிற்காலத்தில் திரும்பியும் போனார்கள். 1948இன் குடியுரிமைச் சட்டம் நம் மக்களில் மிகப் பெரும்பாலோரை நாடற்றவராக்கியது. 1964 அக்டோபர் 30ஆம் திகதி கையெழுத்தான சிறிமா - சாஸ்திரி ஒப்பந்தம் 525,000 பேரை இந்தியாவுக்கும், 300,000 பேரை இலங்கைக்கும் என்று பங்கிட்டது. எஞ்சிய 150,000 பேரை 1974இல் செய்த உடன்படிக்கை ஆளுக்குப் பாதியாகப் பிரித்தது. தலைமன்னார்க் கப்பலைப் பிடிக்க மலைநாட்டு நிலையங்களிலிருந்து கோச்சி புறப்படும். அண்ணனுக்கு இந்தியக் கடவுச்சீட்டு, தங்கைக்கு இலங்கைப் பிரசாவுரிமை என்று குடும்பங்கள் மேடையிலேயே பிரிந்தன. யன்னல் வழியாகக் கையைப் பிடித்துக்கொண்டு வண்டியோடு ஓடுவார்கள். அந்த வண்டிக்கு மலையகத்தில் 'ஒப்பாரிக் கோச்சி' என்று பெயர் வந்தது. எங்கள் அம்மாயியும் தம் தமக்கையை அப்படித்தான் வழியனுப்பினார். போனவர்களில் பலர் நீலகிரியிலே, தாயகம் திரும்பியோருக்காக 1968இல் தமிழக அரசு தொடங்கிய தேயிலைத் தோட்டங்களில், மறுபடியும் கொழுந்தே பறித்தார்கள். அங்கிருந்தும் இந்த மலரைப் படிக்கும் சகோதரிகள் இருப்பார்கள் என்று நம்புகிறேன்.

நாடற்றவராக எஞ்சியிருந்தோருக்கு 2003ஆம் ஆண்டுச் சட்டத்தோடுதான் குடியுரிமைப் பிரச்சினை பெருமளவு தீர்ந்தது. அதாவது 55 ஆண்டுகள்.

கொழுந்தையும் ஆட்களையும் ஏற்றவே போட்ட பாதை, காலப்போக்கில் யாரும் திட்டமிடாத இன்னொரு வேலையையும் செய்தது. தோட்டப் பாடசாலையில் ஐந்தாம் வகுப்போடு நின்றிருக்க வேண்டிய பெண் பிள்ளைகளை நகரத்துப் பாடசாலைக்குக் கொண்டுவந்தது. பஸ் கட்டணத்திலும் குறைந்த கட்டணம். தெரிந்த முகங்கள் நிறைந்த பெட்டி. "பொம்பளைப் புள்ளைய தனியா அனுப்புறதா?" என்று தயங்கிய அப்பாமாருக்கு அது பெரிய ஆறுதல். கொழும்புக்கும் பதுளைக்கும் ஓடும் வண்டிகளில் ஒன்றின் பெயர் உடரட்ட மெனிக்கே, மற்றொன்றின் பெயர் பொடி மெனிக்கே. மலைநாட்டு மங்கை, சின்ன மங்கை என்று பொருள் சொல்லலாம். எங்கள் வகுப்பில் உயரமான தோழியையும் குள்ளமான தோழியையும் அந்தப் பெயர்களால்தான் அழைத்தோம். இருவரும் இன்று பாட்டிகளாகும் வயதை நெருங்குகிறார்கள். பெயர் மட்டும் மாறவில்லை.

மலையின் மறுபக்கம்

அப்புத்தளையில் கோச்சி ஒரு மலை முகட்டின் மேல் நிற்கிறது. ஒரு பக்கம் ஊவாப் பள்ளத்தாக்கு. மறுபக்கம் மலை செங்குத்தாக விழுந்து தெற்குச் சமவெளியாகிறது. வானம் தெளிந்த நாளில் தொலைவு வரை பார்க்கலாம். அந்தத் தென் சரிவில், கொஸ்லந்தைக்கு அருகில் இருக்கிறது மீரியபெத்த.

2014 அக்டோபர் 29ஆம் திகதி காலை, நாட்கணக்கில் பெய்த மழைக்குப் பின், மீரியபெத்த தோட்டத்தின் லயங்கள் மேல் மலை சரிந்து விழுந்தது. வீடுகளும் கோயிலும் மண்ணுள் மறைந்தன. பிள்ளைகளில் பலர் அப்போதுதான் பாடசாலைக்குப் புறப்பட்டுப் போயிருந்தார்கள். அதனால் பிழைத்தார்கள். அவர்களிற் சிலர் திரும்பி வந்தபோது வீடும் இல்லை, பெற்றோரும் இல்லை. உடல்கள் பல மீட்கப்படவேயில்லை. கொஸ்லந்தையிலும் பூனாகலையிலும் பாடசாலைகளே முகாம்களாயின.

அந்த மலை முன்னறிவிப்பின்றிச் சரியவில்லை. அந்தச் சரிவு ஆபத்தானது, மக்களை அகற்ற வேண்டும் என்று தேசிய கட்டட ஆராய்ச்சி நிறுவனம் 2005இலும் 2011இலும் எச்சரித்திருந்தது. முன்னைய சரிவுகளில் வந்து தங்கிய தளர்ந்த மண் அது. மழைநீர் உள்ளே இறங்கி மண்துகள்களுக்கு இடையே நிறையும்போது, துகளைத் துகள் பிடித்து நிற்கும் உராய்வு குறைகிறது. தண்டவாளத்தில் சக்கரம் பிடிப்பை இழப்பது போலவே மலை தன் பிடிப்பை இழக்கிறது.

மருத்துவத்தில் எங்களுக்கு முதலில் கற்றுத்தரும் பாடங்களில் ஒன்று, நோயை அறிவது வேறு, அறிந்தபின் செய்வது வேறு என்பது. இரத்த அழுத்தத்தை அளந்து அட்டையில் எழுதிவிட்டு மருந்து கொடுக்காமல் வீட்டுக்கு அனுப்பினால், பிறகு வரும் பக்கவாதத்துக்கு அளவுமானியைக் குறை சொல்ல முடியாது. மீரியபெத்தவிலும் அளவு எடுக்கப்பட்டது, அறிக்கையும் இருந்தது. மாற்று நிலமும் வீடும் மட்டும் இல்லை. போக வேறு இடம் இல்லாத மக்களிடம் "போய்விடுங்கள்" என்று சொல்வதை எச்சரிக்கை என்று எப்படிச் சொல்வது? லயக் காம்பிராவும் நிலமும் தமக்குச் சொந்தமாக இல்லாதவர்கள் எங்கே வீடு கட்டுவார்கள்? உயிர் பிழைத்தோர் பழைய தேயிலைத் தொழிற்சாலையொன்றில் தங்க வைக்கப்பட்டார்கள். புதிய வீடுகள் கையளிக்கப்பட ஏறத்தாழ இரண்டு ஆண்டுகள் ஆயின.

தெமோதரை நிலையத்தை நினைக்கும்போதெல்லாம் எனக்கு மீரியபெத்தவும் நினைவுக்கு வருவது இதனால்தான். இரண்டும் ஒரே மாவட்டம், ஒரே மழை, ஒரே மலைத்தொடர். தேயிலை பாதுகாப்பாக இறங்க வேண்டும் என்பதற்காக 1921க்கு முன்பே இந்த மலையின் சாய்வை அடி அடியாக அளந்தார்கள். அளந்தபின், செலவைப் பாராமல் குன்றைச் சுற்றினார்கள், குடைந்தார்கள், பாதையோரம் கான் வெட்டினார்கள், மழைக்காலத்தில் பாதையைப் பார்க்க ஆள் வைத்தார்கள். அதே தேயிலையைப் பறித்தவர்களின் லயம் எந்தச் சரிவில் நிற்கிறது என்று பார்க்க ஏறக்குறைய இன்னொரு நூற்றாண்டு ஆயிற்று. பார்த்த பிறகும் அவர்கள் அங்கேயே விடப்பட்டார்கள். மலையோடு எப்படி வாழ்வது என்ற அறிவு இந்த நாட்டில் நூறு ஆண்டுகளாக இருந்திருக்கிறது. அந்த அறிவுக்கு யாருடைய தேவைக்காகச் செலவு செய்தோம் என்பதே கேள்வி.

சகோதரிகளிடம் ஒரு வேண்டுகோள்

நமது சங்கம் இரண்டாம் நூற்றாண்டில் காலெடுத்து வைக்கிறது. கட்டடமும் பரிசளிப்பும் போலவே இரண்டு சிறிய காரியங்களையும் நாம் மேற்கொள்ளலாம் என்று நினைக்கிறேன்.

ஒன்று, உங்கள் குடும்பத்தில் இன்னும் இருக்கும் முதியோரிடம், நம்மவர் எந்த ஆண்டில் எந்த நிலையத்தில் வந்து இறங்கினார்கள், யார் எந்த நிலையத்திலிருந்து திரும்பிப் போனார்கள் என்று கேட்டு எழுதிச் சங்கத்துக்கு அனுப்புங்கள். ஒரு பக்கம் போதும். பெயர்களை மறக்காமல் எழுதுங்கள். எங்கள் அம்மாயியிடம் நான் கேட்கத் தவறிவிட்டேன். தமக்கையை வழியனுப்பியது பண்டாரவளையிலா அப்புத்தளையிலா என்பதைச் சொல்ல இன்று எங்கள் வீட்டில் எவரும் இல்லை.

மற்றொன்று, நம்மில் ஆசிரியைகள் இருக்கிறார்கள், தாதியர் இருக்கிறார்கள், கிராம அலுவலர்கள், சட்டத்தரணிகள், பொறியியலாளர்கள் இருக்கிறார்கள். உங்கள் ஊரின் எந்த லயத்துக்கு மண்சரிவு எச்சரிக்கை கொடுக்கப்பட்டிருக்கிறது, அதன்பின் என்ன நடந்தது என்று விசாரியுங்கள். நிலத்தில் புதிய வெடிப்பு, சாயும் மரம், திடீரென ஊறும் அல்லது வற்றும் ஊற்று, இறுகி மூடாத கதவு ஆகியவை மலை நகரத் தொடங்கியதன் அறிகுறிகள். இவற்றை வகுப்பறையில் பிள்ளைகளுக்குச் சொல்லிக்கொடுங்கள். பிள்ளைகள் வீட்டில் சொல்வார்கள். அறிகுறி கண்டால் எழுத்தில் முறையிடுங்கள். பதில் வரும் வரை விடாதீர்கள்.

வெளிநாட்டிலிருந்து நூற்றாண்டு விழாவுக்கு வரும் சகோதரிகள் முடிந்தால் கொழும்பிலிருந்து கோச்சியில் வாருங்கள். பிள்ளைகளையும் அழைத்து வாருங்கள். அப்புத்தளையில் வண்டி நிற்கும்போது தெற்குப் பக்கம் யன்னலால் ஒரு முறை பாருங்கள். தெமோதரையில் நின்று புறப்பட்டபின், சுரங்கத்தைத் தாண்டியதும் அண்ணாந்து பார்க்கச் சொல்லுங்கள். அம்மாயி எனக்குச் சொன்னதை அவர்களுக்குச் சொல்லுங்கள். அவர்களும் முதலில் நம்ப மாட்டார்கள்.